ரெண்டு தாம்பரம்

2001 ஜூன் மாதம் எனக்கு முதல் வேலை கிடைத்தது. சட்டை தைத்து வெளிநாட்டுக்கு அனுப்பும் ஒரு கம்பெனியில் கணக்குப் பிரிவு. கம்பெனி இருந்தது மெப்ஸ் வளாகத்துக்குள். 1984இல் வந்த ஏற்றுமதி வளாகம் அது. முழுப்பெயர் நீளம் என்பதால் மெப்ஸ் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள்.

சம்பளம் எவ்வளவு என்று சொன்னேன். அம்மா தலையாட்டினாள். பஸ்ஸா ரயிலா என்று கேட்டாள். ரயில் என்றேன்.

"எந்த ஸ்டேஷன்ல இறங்கணும்?"

"சானடோரியம்."

அம்மா உள்ளே போய் அடுப்பைத் தணித்துவிட்டு வந்து உட்கார்ந்தாள். "யாராவது கேட்டா தாம்பரம்னு சொல்லு."

"ஏம்மா, மெப்ஸ்னா எல்லாருக்கும் தெரியுமே."

"அப்ப மெப்ஸ்னு சொல்லு. அந்தப் பேர மட்டும் சொல்லாத."

எனக்கு அப்போது இருபத்தொரு வயது. என் தாத்தா, அதாவது அம்மாவின் அப்பா, 1971இல் பதினொரு மாதம் அங்கே காசநோய் ஆஸ்பத்திரியில் படுத்திருந்தார் என்பதை அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன். தாத்தா போய்ச் சேர்ந்து ஏழு வருஷம் ஆகியிருந்தது. பதினாலு வருஷம் அவர் மடியிலும் தோளிலும் வளர்ந்தவள் நான். ஒருவர்கூட மூச்சு விட்டதில்லை.

*

சானடோரியம் ஸ்டேஷனைப் பற்றிச் சொல்ல, பார்வைக்குப் பெரிதாக ஒன்றுமில்லை. கடற்கரையிலிருந்து தாம்பரம் போகும் மின்சார ரயிலில், குரோம்பேட்டை தாண்டியதும் பாதிப் பேர் பையை எடுத்துக்கொண்டு எழுந்து நிற்பார்கள். தாம்பரத்தில் இறங்கப்போகிறவர்கள். நடுவில் இந்த ஸ்டேஷன் வரும். அவர்களைத் தள்ளிக்கொண்டு இறங்கவேண்டும். "இன்னும் தாம்பரம் வரலமா" என்று யாராவது அக்கறையாகச் சொல்வார்கள். ஐந்து வருஷம் கேட்ட வசனம் அது.

இறங்கினால் ஒரு பக்கம் ஜி.எஸ்.டி. சாலை. அதைக் கடந்தால் மெப்ஸ், ஆஸ்பத்திரி, பின்னால் பச்சைமலை. இன்னொரு பக்கம் இறங்கினால் சிட்லபாக்கம் போகும் வழி. அந்த ஊர்க்காரர்களுக்கு இது தினப்படி வாசல். டிக்கெட் கவுண்டர், ஒரு டீக்கடை, சாயங்காலமானால் பூக்காரர்கள், கொய்யாப்பழக் கூடை. வேகவண்டி சிலது நிற்காமல் ஓடும். அந்த நேரத்தில் பிளாட்பாரத்தில் நின்றால் புடவை முந்தானையைப் பிடித்துக்கொள்ள வேண்டும்.

எனக்கு இதில் பிடித்தது பெயர்தான். இந்தத் தடத்தில் ஸ்டேஷன் பெயர்களை வரிசையாகப் படித்தால் ஊர் வளர்ந்த கதை தெரியும். மீனம்பாக்கம், பல்லாவரம் எல்லாம் ரயில் வருவதற்கு முன்பே இருந்த ஊர்கள். திரிசூலம் என்றால் மலையடிவாரத்துச் சிவன் கோயில். பரங்கிமலைக்குத் தோமையார். குரோம்பேட்டை என்ற பெயரில் பழைய ஊர் எதுவும் கிடையாது. அங்கே சேம்பர்ஸ் என்ற வெள்ளைக்காரரின் குரோம் லெதர் தோல் தொழிற்சாலை இருந்தது, தோல் பதனிடும் உப்பின் பெயரே பேட்டைக்கு ஒட்டிக்கொண்டது. அதற்கு அடுத்தது ஒரு வியாதியின் பெயர். நேரடியாக வியாதி இல்லை, அதற்கான இடம். ஆனால் அம்மா காலத்து ஜனங்களுக்கு இரண்டும் ஒன்றுதான்.

இன்றைக்கு அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று ஸ்டேஷனில் இறங்குகிறவர்களைக் கேட்டால் பத்தில் எட்டுப் பேர் ஊர்ப்பெயர் என்பார்கள். எழுத்தில்கூட ஒற்றுமை கிடையாது. சானடோரியம், சானிடோரியம், சானட்டோரியம், சானிட்டோரியம் என்று நாலு விதமாக நாலு கடைப் பலகையைப் பார்த்திருக்கிறேன். "சானடோரியத்துக்கு வெகு அருகில் டபுள் பெட்ரூம்" என்று நோட்டீஸ் கொடுக்கிறார்கள். அம்மாவின் அம்மா, என் ஆயா, உயிரோடு இருந்து அந்த நோட்டீஸைப் பார்த்திருந்தால் வாய்விட்டுச் சிரித்திருப்பாள். காசு கொடுத்து அங்கே போய்க் குடியிருப்பார்களா?

*

இந்தக் காசநோய் ஆஸ்பத்திரியைத் தொடங்கியவர் டாக்டர் டேவிட் ஜேக்கப் ஆரோன் சௌரிமுத்து. நம்மூர்க்காரர், ஆனால் காசநோய் மருத்துவராகப் பேர் எடுத்தது இங்கிலாந்தில். அங்கே சாமர்செட் பகுதியில் மெண்டிப் மலையில் ஒரு காசநோய் மருத்துவமனையை நடத்தினார். 1917இல் நம் கணித மேதை ராமானுஜன் உடம்பு முடியாமல் போனபோது சிகிச்சைக்காகத் தங்கிய இடங்களில் அதுவும் ஒன்று. கும்பகோணத்துப் பையன், குளிர் தாங்காத உடம்பு, ஜன்னலை எல்லாம் திறந்து வைத்துக் காற்றைக் குடி என்று சொல்லும் வைத்தியம். என்ன பாடு பட்டிருப்பார் என்று நினைத்துக்கொள்வேன்.

சானடோரியம் வைத்தியமே அதுதான். 1882இல் ராபர்ட் கோக் காசநோய்க் கிருமியைக் கண்டுபிடித்துவிட்டார். ஆனால் அதைக் கொல்லும் மருந்து வர இன்னும் 60 வருஷம் ஆகும். அதுவரை டாக்டர்கள் கையில் இருந்தது திறந்த காற்று, வெயில், பால், முட்டை, ஓய்வு. கூடவே, நோயாளியை ஊரிலிருந்து தள்ளி வைப்பது. சௌரிமுத்து நாடு திரும்பி 1928இல் தாம்பரத்துக்குப் பக்கத்தில், மலையடிவாரத்தில் ஒரு சானடோரியத்தைத் தொடங்கினார். 1937இல் சென்னை மாகாண அரசு அதை எடுத்துக்கொண்டது. அதே 1937இல்தான் கிறித்துவக் கல்லூரி ஜார்ஜ் டவுன் நெரிசலை விட்டுத் தாம்பரத்துக்கு வந்தது. படிக்க வந்தவர்களும் இருமி வந்தவர்களும் ஒரே ரயிலில் வந்திருப்பார்கள்.

ரயில் என்றதும் ஒன்று சொல்லவேண்டும். இந்தியாவில் மீட்டர் கேஜ் தடத்தில் மின்சார ரயில் முதன்முதலில் ஓடியது இங்கேதான். சவுத் இந்தியன் ரயில்வே 1928இல் வேலையைத் தொடங்கி, 1931 மே மாதம் பீச்சுக்கும் தாம்பரத்துக்கும் நடுவே ஜனங்களுக்காக வண்டி விட்டது. 1,500 வோல்ட் நேர்மின்சாரம். 1967இல் அதை 25,000 வோல்ட் மாறுமின்சாரமாக மாற்றினார்கள். சௌரிமுத்து கொட்டகை போட்டதும் ரயில்வே கம்பம் நடத் தொடங்கியதும் ஒரே வருஷம் என்பதைக் கவனித்தபோது எனக்கு ஒரு விஷயம் உறைத்தது. ஊருக்கு வெளியே தள்ளி வைக்க வேண்டும் என்று தேர்ந்தெடுத்த இடத்துக்கு, ஊரே கம்பி கட்டிக்கொண்டு பின்னாலேயே வந்துவிட்டது.

*

தாத்தா கம்பாசிட்டர். மவுண்ட் ரோடு பக்கம் ஒரு அச்சகத்தில் ஈய எழுத்துக் கோத்தவர். எதையும் கண்ணாடியில் தெரிவதுபோல் வலமிருந்து இடமாகப் படிப்பார். எனக்கும் சொல்லிக்கொடுத்தார், கொஞ்சம் வரும். குடியிருந்தது சைதாப்பேட்டையில், ஒரே கூரையின் கீழ் ஆறு குடித்தனம் இருந்த வீட்டில் ஒரு அறை. அந்த அறையில் தாத்தா, ஆயா, பெரியம்மா, அம்மா, மாமா.

இருமலை முதலில் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அச்சகத் தூசி என்றார்கள். சளியில் ரத்தம் வந்த பிறகுதான் ஆஸ்பத்திரிக்குப் போனார்கள், படம் எடுத்தார்கள், சானடோரியத்துக்குச் சீட்டு எழுதிக் கொடுத்தார்கள். அந்த நேரத்தில் பெரியம்மாவுக்கு மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தார்கள். இதுதான் மொத்தக் கதைக்கும் சாவி. டி.பி. இருக்கிற வீட்டில் யார் பெண் எடுப்பார்கள்? ஆயா ஒரே ராத்திரியில் முடிவு செய்தாள். தாத்தாவுக்குச் செங்கல்பட்டில் ஒரு பிரஸ்ஸில் நல்ல வேலை, ஞாயிற்றுக்கிழமை மட்டும் நாங்கள் போய்ப் பார்ப்போம். ஆறு குடித்தனத்துக்கும் அதைத்தான் சொன்னாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் ஆயாவும் அம்மாவும் கிளம்புவார்கள். அம்மாவுக்குப் பதினொரு வயது. தூக்குச்சட்டியில் அவித்த முட்டை, இன்னொன்றில் கஞ்சி, துணிப்பையில் சாத்துக்குடி. சைதாப்பேட்டை கவுண்டரில் ஆயா சொல்வாள்: "ரெண்டு தாம்பரம். ஒண்ணு அரை டிக்கெட்." அந்தக் காலத்து அட்டை டிக்கெட், தேதி அச்சு குத்திக் கொடுப்பார்கள்.

வண்டி சானடோரியத்தில் நிற்கும். இவர்கள் இறங்கமாட்டார்கள். அப்போது மெப்ஸ் கிடையாது, சித்த மருத்துவமனை கிடையாது. அந்த ஸ்டேஷனில் தூக்குச்சட்டியோடு இறங்குகிறவர்களுக்கு அங்கே வீடு இருக்க வேண்டும், இல்லையென்றால் படுக்கையில் ஆள் இருக்க வேண்டும். பெட்டியில் சைதாப்பேட்டை முகம் ஒன்று இருந்தாலும் சாயங்காலத்துக்குள் தெருவே தெரிந்துகொள்ளும். ஆகவே ஆயாவும் அம்மாவும் ஜன்னல் பக்கம்கூடத் திரும்பாமல் உட்கார்ந்து, தாம்பரத்தில் இறங்கி, ஜி.எஸ்.டி. சாலையோடு வந்த வழியே ஒரு ஸ்டேஷன் தூரம் திரும்ப நடப்பார்கள். வெயிலில், செருப்பில்லாமல். பதினொரு மாதமும் ஞாயிறு தவறாமல்.

"ஒரு தடவகூட எறங்கலயா?" என்று கேட்டேன்.

"ஒரே ஒரு தடவ நான் எழுந்துட்டேன். கால் வலி. ஆயா தொடையில கிள்ளி உக்கார வச்சா."

தாத்தா பிழைத்து வந்தார். பெரியம்மாவுக்குக் கல்யாணம் ஆனது; மாப்பிள்ளை வீட்டுக்குக் கடைசிவரை தெரியாது. பெரியப்பா இதைப் படிக்கமாட்டார் என்ற தைரியத்தில் எழுதுகிறேன், அவர் கணினிப் பக்கம் வருவதில்லை.

ஒன்று மட்டும் மிச்சம் இருந்தது. வீட்டில் தாத்தாவுக்கென்று ஒரு பித்தளை டம்ளர். அடியில் ஆணியால் பெருக்கல் குறி கீறியிருக்கும். ஐந்தாறு வயதில் ஒருநாள் ஓடியாடி விளையாடிவிட்டு வந்து அதில் தண்ணீர் மொண்டு குடித்துவிட்டேன். தாத்தா எழுந்து வந்து முதுகில் ஒன்று வைத்தார். என் நினைவில் அவர் என்னை அடித்தது அது ஒன்றுதான். அப்புறம் அவரே அழுதார். எனக்கு ஒன்றும் புரியவில்லை. நோய் குணமாகிப் பதினைந்து வருஷத்துக்குப் பக்கம் ஆகியிருந்த சமயம் அது. அவர் உடம்பில் ஒரு கிருமியும் கிடையாது. அது டம்ளருக்குத் தெரியவில்லை.

*

இங்கேதான் சேத்துப்பட்டு வருகிறது. சேத்துப்பட்டில் ஏறினால் சானடோரியம் பன்னிரண்டாவது ஸ்டேஷன். 1956இல் அங்கே காசநோய் மருந்து சிகிச்சை மையம் ஒன்றைத் தொடங்கினார்கள். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம், சென்னை மாகாண அரசு, உலக சுகாதார நிறுவனம், பிரிட்டனின் மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் நான்கும் சேர்ந்து செய்தது. இன்று தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிறுவனம் என்று பெயர். ஆரம்பத்தில் அதை வழிநடத்தியவர் வாலஸ் ஃபாக்ஸ் என்ற ஆங்கிலேய டாக்டர்.

அவர்கள் எடுத்துக்கொண்ட கேள்வி எளிமையானது. மருந்து வந்துவிட்டது. இந்தியா முழுக்க நோயாளிகள் லட்சக்கணக்கில், படுக்கைகள் சில ஆயிரம். இந்த மருந்தை வீட்டில் வைத்துக் கொடுத்தால் என்ன ஆகும்? சென்னையின் ஏழைத் தெருக்களிலிருந்து சுமார் 200 நோயாளிகளை எடுத்துக்கொண்டார்கள். சீட்டுக் குலுக்கியதுபோல் இரண்டாகப் பிரித்து, பாதிப் பேரைச் சானடோரியத்தில் சேர்த்தார்கள். மீதிப் பேரை வீட்டிலேயே விட்டார்கள். இரு தரப்புக்கும் ஒரே மாத்திரை, ஐசோனியாசிடும் பாஸ் என்று சொல்லும் இன்னொன்றும், ஒரு வருஷம். சானடோரியத்துக்காரர்களுக்கு நல்ல சாப்பாடு, ஓய்வு, காற்று, நர்ஸ். வீட்டுக்காரர்களுக்கு அதே ஒற்றை அறை, அதே அரை வயிற்றுச் சாப்பாடு, பலர் வேலைக்கும் போனார்கள்.

1959இல் முடிவு வெளியானது. குணமான அளவில் இரண்டு பக்கத்துக்கும் சொல்லும்படியான வித்தியாசம் இல்லை. அதைவிட முக்கியமானது இன்னொன்று. வீட்டிலேயே வைத்துப் பார்த்ததால் குடும்பத்தாருக்குக் கூடுதலாகத் தொற்றவும் இல்லை. தொற்றுவதெல்லாம் பெரும்பாலும் மருந்து தொடங்குவதற்கு முன்பே நடந்துவிடுகிறது. மருந்து உள்ளே போகத் தொடங்கியதும் பரவும் வேகம் அடங்கிவிடுகிறது. குணப்படுத்தியது மாத்திரை. மலைக்காற்றும் முட்டையும் நல்லவைதான், ஆனால் அவற்றுக்காக ஒருவரை வீட்டிலிருந்து பிரிக்க வேண்டிய அவசியம் இல்லை. உலகம் முழுக்கச் சானடோரியங்களின் காலம் முடிந்ததற்கு இந்த ஆய்வும் ஒரு முக்கியமான காரணம். கண்ணெதிரே மாத்திரையை விழுங்க வைத்து அனுப்புவது என்ற முறைக்கான முக்கியமான சோதனைகளும் 1960களில் இதே சேத்துப்பட்டில் நடந்தன.

இதை நான் படித்தது 2009இலோ என்னவோ. படித்ததும் முதலில் தோன்றியது கோபம். 1959. தாத்தா உள்ளே போனது 1971. பன்னிரண்டு வருஷம் கழித்து, பன்னிரண்டு ஸ்டேஷன் தள்ளி. சைதாப்பேட்டை அறையிலேயே அவர் மாத்திரை விழுங்கிக்கொண்டு இருந்திருக்கலாமே? செங்கல்பட்டுப் பிரஸ் வேண்டாம், திரும்ப நடக்க வேண்டாம், தொடையில் கிள்ளலும் வேண்டாம்.

அம்மாவிடம் சொன்னேன், சற்று ஆவேசமாகவே.

அம்மா அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். "வீட்லயே வச்சிருந்தா ஆறு குடித்தனத்துக்கும் தெரிஞ்சிருக்கும்" என்றாள். "குழாயடியில தண்ணி புடிக்க விட்டிருப்பாங்களா? பெரியம்மா கல்யாணம் நடந்திருக்குமா?"

அந்த ஆய்வில் வீட்டில் இருந்த நூறு பேரை அக்கம்பக்கத்தில் எப்படி நடத்தினார்கள் என்று அதற்கு முன் நான் யோசித்ததே இல்லை. சேத்துப்பட்டுக்காரர்கள் கிருமியைத்தான் அளந்தார்கள். ஆயா குழாயடியை அளந்திருந்தாள். அவள் கணக்கில் சானடோரியம் ஒரு வசதி.

*

2001இலிருந்து 2006 வரை நான் தினமும் அங்கே இறங்கினேன். சைதாப்பேட்டையில் ஏறினால் எட்டாவது ஸ்டேஷன். பெண்கள் பெட்டியில் எங்களுக்கென்று ஒரு மூலை. மெப்ஸில் தையல் மெஷினில் உட்காரும் பெண்கள், எலக்ட்ரானிக்ஸ் கம்பெனிப் பெண்கள், நான். ஒருத்தி பூ கட்டுவாள், ஒருத்தி தூங்குவாள், ஒருத்தி மாமியாரைத் திட்டுவாள். மீட்டர் கேஜ் பெட்டி குறுகல். எதிரெதிரே உட்கார்ந்தால் முட்டியும் முட்டியும் இடிக்கும், அதனாலேயே சீக்கிரம் பழக்கமாகிவிடும். குறுகலான வண்டியில் ரகசியம் நிற்காது. ஒருவர் டிபன் டப்பாவைத் திறந்தால் ஆறு பேருக்கு வாசனை.

நான் மட்டும் கடைசிவரை தாத்தா விஷயத்தைச் சொல்லவில்லை. அம்மா சொல்லிவைத்தது அப்படி ஊறியிருந்தது.

அந்த வருஷங்களில் சானடோரியம் என்ற பெயருக்கு இரண்டாவது முறையாகப் பயம் ஏறியிருந்தது. 1986இல் சென்னையில்தான் டாக்டர் சுனிதி சாலமனும் அவர் மாணவி நிர்மலாவும் நாட்டின் முதல் எச்.ஐ.வி. தொற்றுகளைக் கண்டுபிடித்தார்கள். எச்.ஐ.வி. வந்தவர்களைப் படுக்கையில் சேர்க்கவே பல இடங்களில் தயங்கிய காலத்தில், 1993இலிருந்து இந்த ஆஸ்பத்திரி சேர்த்துக்கொண்டது. நான் வேலைக்குச் சேர்ந்த சமயம் நாட்டிலேயே பெரிய எச்.ஐ.வி. சிகிச்சை இடங்களில் ஒன்று இது. தெற்கு ஜில்லாக்களிலிருந்தும் ஆந்திராவிலிருந்தும் ராத்திரி வண்டியில் வந்து, மின்சார ரயில் மாறி வருவார்கள். கையில் எக்ஸ்ரே கவர், தோளில் பை. "ஆஸ்பத்திரி எந்தப் பக்கம்மா?" என்பார்கள். ஜி.எஸ்.டி. சாலைப் பக்கம் கையைக் காட்டுவோம்.

ஒருநாள் அப்படி ஒரு பெண் எங்கள் மூலையில் வந்து உட்கார்ந்தாள். என் வயதுதான் இருக்கும், சின்னக் குழந்தை மடியில். பூ கட்டுகிறவள் பூவை எடுத்துப் பைக்குள் வைத்துக்கொண்டாள். தூங்குகிறவள் விழித்து நகர்ந்தாள். நான் என்ன செய்தேன் என்று கேட்டால், மூச்சை அடக்கிக்கொண்டேன். அந்தக் கிருமி காற்றில் பரவாது என்று எனக்குத் தெரியும். காற்றில் பரவுகிற கிருமியோடு பதினொரு மாதம் கிடந்தவரின் பேத்தி என்பதும் தெரியும். இருந்தாலும் அடக்கினேன். குரோம்பேட்டையிலிருந்து சானடோரியம் வரை. இதை எழுதும்போதும் கூசுகிறது.

ஆஸ்பத்திரி, ரயில் இரண்டுமே 2004இல் மாறத் தொடங்கின. அந்த வருஷம் ஏப்ரல் 1ஆம் தேதியிலிருந்து அரசு எச்.ஐ.வி.யைக் கட்டுக்குள் வைக்கும் ஏ.ஆர்.டி. மருந்தை இலவசமாகக் கொடுக்க ஆரம்பித்தது. நாட்டில் முதலில் ஆரம்பித்த சில ஆஸ்பத்திரிகளில் தாம்பரமும் ஒன்று. ஜூலை மாதம் மீட்டர் கேஜ் மின்சார ரயில் நின்றது. 73 வருஷம் ஓடிய தடம். கடைசி நாளில் கேமராவோடு ஆட்கள் வந்தார்கள் என்று சொன்னார்கள். நான் பார்க்கவில்லை, குவார்ட்டர் முடிவு, ராத்திரி எட்டுவரை ஆபீஸ். பிராட் கேஜ் பெட்டியில் முட்டி இடிக்கவில்லை. நடுவில் மூன்று பேர் நிற்கலாம். எங்கள் மூலை கலைந்துபோனதற்கு அந்த 1,676 மில்லிமீட்டர்தான் காரணம் என்று நான் இன்றும் நம்புகிறேன். மற்றவர்கள் கல்யாணம் ஆகிப் போனது காரணம் என்கிறார்கள். சரி, அதுவும் இருக்கலாம்.

*

2005 செப்டம்பரில் தேசிய சித்த மருத்துவ நிறுவனத்தைப் பிரதமர் மன்மோகன் சிங் வந்து திறந்து வைத்தார். அங்கே இருக்கும் மருத்துவமனைக்கு அயோத்திதாசப் பண்டிதர் பெயர். இப்போதெல்லாம் காலை வண்டியில் சானடோரியத்தில் இறங்குகிறவர்களில் மெப்ஸ் அடையாள அட்டை மாட்டியவர்களுக்கு அடுத்து, முட்டியைப் பிடித்துக்கொண்டு படியேறுகிற வயசாளிகள்தான் அதிகம். காசநோய் ஆஸ்பத்திரியும் அங்கேயேதான் இருக்கிறது, அரசு நெஞ்சக நோய் மருத்துவமனை என்ற பெயரில். பெயர்ப் பலகையில் சானடோரியம் என்ற சொல் முகவரியாக மட்டும் வருகிறது. ஆஸ்பத்திரி கழற்றிப்போட்ட பெயரை ஸ்டேஷன் எடுத்து மாட்டிக்கொண்டிருக்கிறது.

2015இல் அம்மாவுக்கு முட்டிவலி. ஊசி போட்டாயிற்று, எண்ணெய் தேய்த்தாயிற்று. சித்தாவில் பார்க்கலாம் என்று பக்கத்து வீட்டு அக்கா சொன்னார். "எங்க இருக்கு?" என்று அம்மா கேட்டாள். அக்கா சாதாரணமாக, "சானடோரியம் ஸ்டேஷன்ல எறங்கி ரோட்ட கிராஸ் பண்ணா போதும்" என்றார். அம்மா என்னைப் பார்த்தாள். நான் வேறு பக்கம் பார்த்தேன்.

காலை ஏழு மணிக்குச் சைதாப்பேட்டை ஸ்டேஷன். கவுண்டரில் நாலைந்து பேர் வரிசை. நான் பையில் சில்லறை தேடிக்கொண்டிருந்தேன். அதற்குள் எங்கள் முறை வந்துவிட்டது. அம்மா முன்னால் போய்க் கையை நீட்டி, "ரெண்டு தாம்பரம்" என்றாள்.

"அம்மா, சானடோரியம்" என்றேன்.

உள்ளே இருந்தவர் நிமிர்ந்து பார்த்தார். "தாம்பரமா, சானடோரியமாம்மா? ரெண்டுக்கும் ஒரே காசுதான்."

அம்மா ஒரு நிமிஷம் யோசித்தாள். "தாம்பரமே குடுங்க" என்றாள்.

வண்டியில் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. பல்லாவரம் தாண்டியதும் பேச்சை நிறுத்திவிட்டாள். குரோம்பேட்டையில் வண்டி கிளம்பியதும் நான் எழுந்தேன். பக்கத்திலிருந்த ஒரு அம்மாள், "இன்னும் தாம்பரம் வரலியே" என்றார். தெரியும் என்றேன்.

அம்மா இறங்குவதற்குக் கொஞ்சம் நேரம் எடுத்தது. பாவம், முட்டி. பிளாட்பாரத்தில் முதலில் கண்ணில் பட்ட பெஞ்சில் உட்கார்ந்தாள். சுற்றிப் பார்த்தாள். மெப்ஸ் பெண்கள் கூட்டமாகப் போனார்கள். ஒரு வேகவண்டி நிற்காமல் அடித்துக்கொண்டு போனது.

"இந்தச் சத்தம் வார்டுக்குக் கேக்கும்" என்றாள். "எத்தன வண்டி போச்சுன்னு எண்ணிதான் அப்பா மணி சொல்வாரு. நாங்க வர்ற வண்டி எதுன்னும் தெரியும். அது நின்னு கௌம்பினப்புறம் எவ்ளோ நேரம் கழிச்சு நாங்க வர்றோம்னு பாத்துட்டே இருப்பாரு. ஏன் இவ்ளோ லேட்டுன்னு கேட்டதே இல்ல."

டிக்கெட்டை இன்னும் கையில்தான் வைத்திருந்தாள். சித்தா டோக்கனுக்கு நேரமாகிறது என்றேன். என் தோளைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள்.